கப்பல் கிளம்பிய தேதி

எங்கள் லேபுக்குப் புது மெஷின் வந்திருக்கிறதாம். ஸ்லைடை உள்ளே வைத்தால் போதும், பிரிந்துகொண்டிருக்கும் செல்களைத் தானே தேடிப் பிடித்து, படம் எடுத்து, வரிசையாகத் திரையில் காட்டிவிடுமாம். நிவேதா போனில் சொன்னாள். நான் ஓய்வு பெற்ற பிறகு என் நாற்காலியில் உட்கார்ந்திருப்பவள் அவள்தான். “நீங்கள்லாம் எப்டிக்கா நாளெல்லாம் மைக்ராஸ்கோப்புல கண்ணை வெச்சுகினே இருந்தீங்க?” என்று என்மேல் பாவப்பட்டாள். பாவப்பட ஒன்றுமில்லை. என் கழுத்துக்கு நான் தேய்த்த தைலத்தை நினைத்தால் அந்த மெஷினுக்கு நானே போய் மாலை போட்டுவிட்டு வருவேன்.

பேச்சோடு பேச்சாக ஒன்று கேட்டாள். “உங்க சர்வீஸ்ல மறக்கவே முடியாத ஸ்லைடு எதுக்கா?” குக்கர் விசில் அடித்துவிட்டது என்று சாக்கு சொல்லி வைத்துவிட்டேன். அப்புறம் உட்கார்ந்து யோசித்தால், எந்த ஸ்லைடை நினைத்தாலும் அதற்குப் பின்னால் டாக்டர் ஜைனப் வந்து நிற்கிறார். அதனால் அவரைப் பற்றித்தான் எழுதியாக வேண்டும்.

நான் பிறந்து வளர்ந்தது விம்கோ நகர். அப்பா ஒரு தொழிற்சாலையில் ஃபிட்டர். விலங்கியல் படித்தேன். படித்து முடித்ததும், தவளை அறுத்தவளுக்கு எவன் வேலை கொடுப்பான் என்று சொந்தக்காரர்கள் சிரித்தார்கள். லேப் டெக்னீஷியன் பயிற்சி முடித்து, சளி, மூத்திரம், சர்க்கரை என்று சில வருடம் ஓட்டினேன். பிறகு ராயபுரம் பக்கம் ஒரு மருத்துவமனையில் குரோமோசோம் லேப் தொடங்கினார்கள். ஆள் வேண்டும் என்றார்கள், போனேன். அங்கேயே தலை நரைத்தது.

டாக்டர் ஜைனப் குள்ளமாக இருப்பார். பருத்திப் புடவை, ஆண்கள் கட்டுகிற பெரிய வாட்ச். பழைய வண்ணாரப்பேட்டையில் துணிக்கடை வைத்திருந்த குடும்பம். வெளிநாட்டில் படித்துவிட்டு வந்தவர் என்று கேள்விப்பட்டு நடுங்கிக்கொண்டே முதல் நாள் போனேன். அவர் ஒரு நோயாளியிடம், “இன்னா நைனா, நாஷ்டா துன்னியா இல்லியா? மூஞ்சி ஏன் இப்டி கீது?” என்று கேட்டுக்கொண்டிருந்தார். பட்டமேற்படிப்புக்கு வந்த ஒரு பையன் அதைக் கேட்டு வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தான். டாக்டர் கோபப்படவில்லை. “வெள்ளைக்காரனுக்குப் புரியற மாதிரி எழுதவும் எனக்குத் தெரியும், என் தெருவுக்குப் புரியற மாதிரி பேசவும் தெரியும். உனக்கு ரெண்டுல எது வரும்?” என்று கேட்டார். அதோடு அவன் சிரிப்பு நின்றது.

அன்றைக்கு என்னிடம் ஒரே ஒரு கேள்விதான் கேட்டார். “காய் நறுக்கசொல்ல விரலை வெட்டிக்கினு தழும்பு ஆயிடுச்சு. உனக்குப் பொறக்கப்போற புள்ளைக்கு அந்தத் தழும்பு இருக்குமா?” இருக்காது என்றேன். “ஏன்?” என்றார். விழித்தேன். மூன்று வருடம் விலங்கியல் படித்தவளுக்கு விடை தெரியாமல் இல்லை. இவ்வளவு எளிமையாக யாரும் கேட்டதில்லை, அவ்வளவுதான்.

அவரே சொன்னார். உடம்பில் இரண்டே தினுசு செல். தோல், எலும்பு, ஈரல், நரம்பு, ரத்தம் எல்லாம் உடல் செல். ஒவ்வொன்றிலும் குரோமோசோம் நாற்பத்தாறு, பாதி அம்மா கொடுத்தது, பாதி அப்பா கொடுத்தது. அது பிரிந்தால் தன்னைப் போலவே நாற்பத்தாறு உள்ள இன்னொன்றைத் தரும். உழைக்கும், தேயும், செத்துப் போகும். அதற்கு எது நடந்தாலும் நம்மோடு முடிந்தது. இன்னொரு தினுசு இனச்செல். ஆணிடம் விந்தணு, பெண்ணிடம் கருமுட்டை. அதை உண்டாக்குகிற செல்கள் நாம் கருவாக இருக்கும்போதே தனியாக ஒதுங்கிவிடுகின்றன. அவை பிரிகிற விதமே வேறு. நாற்பத்தாறு பாதியாகி, ஒவ்வொன்றிலும் இருபத்துமூன்றுதான் இருக்கும். அடுத்த தலைமுறைக்குப் போவது அது மட்டும்தான். டாக்டர் அதற்கு ‘வாரிசு செல்’ என்று பெயர் வைத்திருந்தார். எந்தப் புத்தகத்திலும் இல்லாத பெயர். லேபில் எல்லோரும் அப்படியேதான் சொல்வோம்.

வேலையையும் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன், அதைச் சொல்லாமல் அவரைச் சொல்ல முடியாது. ரத்தம் எடுத்து, உறையாமல் இருக்கும் டியூபில் பிடிப்போம். சிவப்பணுவால் எங்களுக்குப் பிரயோஜனம் கிடையாது, உடல் செல்களில் அது மட்டும் விதிவிலக்கு, அதற்குள் குரோமோசோமே இல்லை. வெள்ளையணுதான் வேண்டும். அதுவும் ரத்தத்தில் சும்மா சுற்றிக்கொண்டிருக்குமே தவிர பிரியாது. பிரியாத செல்லில் குரோமோசோம் சிக்கல் விழுந்த நூல் மாதிரிதான், ஒன்றும் தெரியாது. அதனால் சத்து நீரில் போட்டு, பீன்ஸ் விதையிலிருந்து எடுத்த ஒரு மருந்தைச் சேர்த்து உசுப்பிவிடுவோம். உடம்புச் சூட்டில் வைத்திருக்கும் பெட்டிக்குள் அது மளமளவென்று பெருகத் தொடங்கும். பெருகும்போதே இன்னொரு மருந்தைப் போட்டு அப்படியே நிறுத்த வேண்டும். அந்த மருந்து நம் ஊர் செங்காந்தள் கிழங்கிலும் இருக்கிறது, தின்றால் ஆளைக் கொல்லும்.

பிறகு உப்பு குறைந்த நீரில் செல்லை ஊத வைத்து, மெத்தனாலும் அசிட்டிக் அமிலமும் கலந்த கரைசலில் பதப்படுத்துவோம். எங்கள் புடவையில் எப்போதும் வினிகர் நாற்றம்தான், பஸ்ஸில் பக்கத்து சீட்டுக்காரி முகத்தைத் திருப்பிக்கொள்வாள். கடைசியில் ஐஸ் தண்ணீரில் கிடந்த ஸ்லைடைச் சாய்த்துப் பிடித்து, மேலேயிருந்து அந்தக் கரைசலில் ஒரு சொட்டு விட வேண்டும். விழுகிற வேகத்தில் செல் விரிந்து குரோமோசோம்கள் பரவும். இந்தச் சொட்டு விடுவதில்தான் எங்கள் மானமே இருந்தது. கடற்காற்றில் ஈரம் ஏறினால் ஒரு மாதிரி பரவும், அக்னி நட்சத்திரத்தில் வேறு மாதிரி பரவும். டாக்டர் ஜன்னலைத் திறந்து கையை வெளியே நீட்டிப் பார்த்துவிட்டு, “இன்னிக்கு ஒசரத்தைக் கொற வசந்தா” என்பார். சொன்னால் சொன்னபடி இருக்கும்.

அவர் வைத்திருந்த கட்டுப்பாடு ஒன்று உண்டு. ஸ்லைடில் பேர் இருக்கக் கூடாது, எண் மட்டும்தான். நானும் இன்னொரு டெக்னீஷியன் சேகரும் தனித்தனியாக எண்ண வேண்டும். எண்ணி முடிக்கும்வரை அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசக் கூடாது. நோயாளியின் கதையை அவரும் கேட்க மாட்டார், எங்களையும் கேட்க விட மாட்டார். “கதை கேட்டா கண்ணு அதுக்குத் தோதா பாக்கும். மொதல்ல செல்லு, அப்பால கதை” என்பார். சேகர் என்னைவிடப் பெரிய வாயாடி. எண்ணுகிற நாட்களில் அவன் படுகிற அவஸ்தையைப் பார்க்க எனக்குச் சந்தோஷமாக இருக்கும்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். அவர் யாரிடமும் ஆறுதலுக்காகப் பொய் சொன்னதில்லை. ‘ஒண்ணுமில்லம்மா, எல்லாம் சரியாயிடும்’ என்கிற வார்த்தை அவர் வாயிலிருந்து வந்து நான் கேட்டதே இல்லை. உண்மையை எந்தப் பக்கத்திலிருந்து பிடித்துக் கொடுத்தால் கை சுடாது என்று மட்டும் யோசிப்பார்.

தண்டையார்பேட்டையிலிருந்து ஒரு தம்பதி வந்தார்கள். கரு தங்காமல் தங்காமல் கலைந்துகொண்டே இருந்தது. மாமியார் கூடவே வந்து, வேறு பெண் பார்க்கப் போவதாக வராந்தாவில் எல்லோருக்கும் கேட்கும்படி சொல்லிக்கொண்டிருந்தார். சோதித்துப் பார்த்தால் மருமகளிடம் ஒரு கோளாறும் இல்லை. மகனிடம் ஒரு குரோமோசோமின் துண்டு இன்னொன்றின்மேல் இடம் மாறி ஒட்டியிருந்தது. ஆளுக்கு ஒன்றும் ஆகவில்லை, மொத்தத்தில் எதுவும் குறையவில்லையே. ஆனால் அவன் உருவான முதல் செல்லிலேயே அது இருந்ததால் உடல் செல்லிலும் இருந்தது, வாரிசு செல்லை உண்டாக்கும் செல்லிலும் இருந்தது. பாதியாகப் பிரியும்போது கணக்கு தப்பிப்போனது. டாக்டர் புருஷன் பெண்டாட்டியை மட்டும் உள்ளே கூப்பிட்டுச் சொன்னார். “இது யார் தப்பும் இல்ல நைனா. ஆனா வெளிய உங்கம்மா பேசிகினு கீறது தப்பு. அத நீதான் போய் சொல்லணும், நான் இல்ல.” அவன் போய்ச் சொன்னான். அந்த அம்மாவின் சத்தம் அன்றைக்கு நின்றதுதான். அடுத்த முறை மருமகளுக்கு ஃபிளாஸ்கில் காபி கொண்டுவந்தார்.

இப்போது கௌதமன், பவானி கதை.

வியாசர்பாடி குடியிருப்புக்காரர்கள். அவனுக்கு முப்பது வயது இருக்கும். பவானி கர்ப்பமாக இருந்தாள், நாலாவது மாதம். அவளைப் பார்த்துவந்த மகப்பேறு டாக்டர்தான் எங்களிடம் அனுப்பியிருந்தார். கணவனுக்கு வேலையில் கதிர்வீச்சு பட்டிருக்கலாம் என்கிறான், கருவைக் கலைத்துவிடச் சொல்லி ஒற்றைக் காலில் நிற்கிறான், மனைவி மாட்டேன் என்கிறாள், ரத்தத்தைப் பார்த்துச் சொல்லுங்கள் என்று சீட்டில் இருந்தது. வழக்கம் போல டாக்டர் அதற்குமேல் கதை கேட்கவில்லை. ரத்தம் எடுத்தோம். எடுக்கும்போது அவன் என் கையைப் பார்க்காமல் பவானியின் வயிற்றையே பார்த்துக்கொண்டிருந்தான்.

கதிர் பட்ட சந்தேகம் என்றால் செல்லை முதல் தடவை பிரியும்போதே பிடித்துவிட வேண்டும். விட்டால் அடையாளம் கலைந்துபோகும். அடையாளம் இதுதான். குரோமோசோமுக்கு ஒரு இடுப்பு இருக்கும். கதிர் பட்டு இரண்டு குரோமோசோம் உடைந்து, உடைந்த முனைகள் தப்பாக ஒட்டிக்கொண்டால் இரண்டு இடுப்போடு ஒன்று நிற்கும், பக்கத்தில் ஒரு துண்டு அனாதையாகக் கிடக்கும். சாதாரண மனிதர்கள் ரத்தத்தில் அது அபூர்வம். நாங்கள் மலை மலையாகச் செல் பார்த்தால் ஒன்று தட்டுப்படும்.

நானும் சேகரும் தனித்தனியாக உட்கார்ந்தோம். எனக்கு ஒன்று கிடைத்தது. அடுத்தது கிடைத்தது. அதற்கடுத்ததும் கிடைத்தபோது லென்ஸைத் துடைத்துவிட்டு மறுபடி பார்த்தேன். அந்தப் பக்கம் சேகர் வாயைத் திறக்கவில்லை, ஆனால் டீ வந்து ஆறிப்போயிருந்தது. அவன் டீயை ஆற விடுகிற ஜென்மம் இல்லை. அப்போதே எனக்குத் தெரிந்துவிட்டது. டாக்டர் மூன்றாவதாக உட்கார்ந்து பார்த்தார். மூன்று பேர் கணக்கும் ஒன்றாக வந்தது. பெரிய லேப் ஒன்றுக்கும் மாதிரி அனுப்பினோம். அங்கிருந்தும் அதே பதில் வந்தது.

இரண்டு பேரையும் கூப்பிட்டு முடிவைச் சொன்னார். இப்போது கதை.

கௌதமன் எண்ணூர் பக்கம் ஒரு கான்டிராக்டரிடம் வேலை பார்த்தான். பெரிய பைப்புகளை வெல்டிங் செய்து இணைத்த பிறகு, உள்ளே வெடிப்பு இருக்கிறதா என்று கதிர் விட்டுப் படம் எடுப்பார்கள். மனிதனுக்கு எக்ஸ்ரே எடுப்பது போலத்தான். கதிர் தருகிற மூலம் ஒரு கனத்த பெட்டிக்குள் இருக்கும், அதைக் கேமரா என்பார்கள். கைப்பிடியைச் சுற்றினால் குழாய் வழியாக வெளியே போகும், படம் எடுத்ததும் திரும்பச் சுற்றினால் பெட்டிக்குள் வந்துவிடும். வந்துவிட்டதா என்று மீட்டர் வைத்துப் பார்த்த பிறகுதான் கிட்டே போக வேண்டும். ஒரு நாள் அது முழுசாகத் திரும்பி வரவில்லை. மீட்டரில் பேட்டரி தீர்ந்திருந்தது. கௌதமன் கிட்டே போய் நின்று பிலிம் மாற்றியிருக்கிறான்.

“நெஞ்சில பேட்ஜ் குத்திகினு இருப்பீங்களே, எவ்ளோ பட்டதுன்னு அது சொல்லுமே?” என்றார் டாக்டர்.

அவன் தரையைப் பார்த்தான். “கழட்டி டிபன் பைல வெச்சிருந்தேன் மேடம்.”

அது அவர்கள் கூட்டத்தில் நடக்கிற விஷயம் என்று பிறகு தெரிந்தது. பேட்ஜில் அளவு ஏறிவிட்டால் கதிர் வேலையிலிருந்து நிறுத்திவிடுவார்கள். அதனால் வேலை மும்முரமாக இருக்கும்போது அதைக் கழற்றிச் சோற்றுப் பையோடு ஓரமாக வைத்துவிடுவார்கள். பேட்ஜ் பத்திரமாக நிழலில் இருக்கும், ஆள் வெயிலில் நிற்பான். கம்பெனிக்கு அவன் பேட்ஜ் சுத்தம். அவன் ரத்தம் மட்டும் நடந்ததைச் சொல்லிவிட்டது.

“என் ரத்தமே கெட்டுப்போச்சில்ல மேடம். அப்ப புள்ளையும் அப்டித்தானே வரும்? போன்ல படம் பாத்தேன். கையி இல்லாம, தலை பெருசா...” உள்ளங்கையால் முகத்தைத் துடைத்தான். “கலைச்சிடுன்னா இவ கேக்க மாட்டேங்கிறா. நாளு போயிகினே கீது.”

பவானி ஸ்கேன் கவரை மடியில் வைத்துத் தடவிக்கொண்டிருந்தாள்.

டாக்டர் எழுந்து ஜன்னலைத் திறந்தார். எங்கள் லேபிலிருந்து பார்த்தால் துறைமுகத்துக் கிரேன்கள் தெரியும். “அங்க பாரு. கிரேன் கீது, லாரி கீது, கூட்ஸ் வண்டி கீது, ஆயிரம் பேரு வேல செய்றான். அத்தினியும் ஹார்பரோட ஹார்பரா இங்கயே கெடக்கும். கடல் தாண்டிப் போறது எது?”

“கப்பலு.”

“அவ்ளோதான். உன் ரத்தம், தோலு, ஈரலு எல்லாம் கிரேனும் லாரியும். புள்ளைக்குப் போறது கப்பல் மட்டும்தான். உன் ரத்தம் ஒரு சொட்டுகூட அந்தப் புள்ளைக்குப் போவல நைனா. நாங்க பாத்த அடி கிரேன்ல கீது.”

அவன் முகம் கொஞ்சம் தெளிந்தது. அத்தோடு நிறுத்தியிருந்தால் அவன் சந்தோஷமாக எழுந்து போயிருப்பான். டாக்டர் நிறுத்தவில்லை. அவரை நான் மெச்சுவதே அதற்காகத்தான். “ஆனா இரு. அன்னிக்கு அந்தக் கதிரு ஹார்பர் முழுக்கத்தான் பட்டுகீது. கரையில கட்டி வெச்சிருந்த கப்பலுக்கும் பட்டிருக்கலாம். அதனால எனக்கு ரெண்டு தேதி வேணும். கப்பலு எப்ப கெளம்பிச்சுன்னு ஸ்கேன் சொல்லுது. கதிரு எப்ப பட்டது?”

“நெனப்பில்ல மேடம்.”

“சுமாரா?”

“ஒரு... ஆறு மாசம் இருக்கும்.”

நான் மனசுக்குள் கணக்குப் போட்டேன். கர்ப்பம் நாலு மாதம். ஆறு மாதத்துக்கு முன்னால் என்றால் கரு உருவாவதற்கு முன்பே கதிர் பட்டுவிட்டது. அப்படியென்றால் உறுதியாக ஒன்றும் சொல்ல முடியாது. டாக்டர் பேனாவைக் கீழே வைத்தார். “அப்டின்னா நான் உனக்கு முழுசா தைரியம் சொல்ல முடியாது” என்றார். அப்பாக்களுக்குக் கதிர் பட்டுப் பிறந்த பிள்ளைகளை ஆராய்ந்தவர்கள் பெரிதாக எதையும் காணவில்லை என்றும், ஆனாலும் படவே இல்லை என்று தன்னால் எழுதித் தர முடியாது என்றும் பொறுமையாக விளக்கினார். கௌதமன் தலையில் கை வைத்துக்கொண்டான். அந்த அறையில் அந்தக் கரு பிழைக்காது என்றுதான் நான் நினைத்தேன்.

அப்போதுதான் பவானி வாயைத் திறந்தாள்.

“பொய் சொல்றான் மேடம்.”

“ஏய், சும்மா இரு” என்றான் அவன்.

“நீ சும்மா இருய்யா. மொத ஸ்கேன் எடுத்துகினு நான் வூட்டுக்கு வந்த அன்னிக்கு சாயங்காலம் இந்தாளு வேலயிலர்ந்து வந்து வாந்தி வாந்தியா எடுத்தான் மேடம். எனக்கு வர வேண்டிய மசக்கை உனக்கு வந்துகீதுன்னு நான் சிரிச்சேன். பக்கத்து வூட்ல கூப்ட்டு சொல்லிச் சிரிச்சேன். அன்னிக்கிதான். அதுக்கு முன்னாடி இவன் ஒரு நாளு வாந்தி எடுத்தது கெடயாது. மெய்யாலுமே சொல்றேன்.”

டாக்டர் அவனைப் பார்த்தார். அவன் தலையாட்டினான். உண்மையான தேதியைச் சொன்னால் அன்றைக்குக் கூட வேலை செய்தவர்கள் யார் யார் என்று விசாரணை வரும். எல்லோர் பேட்ஜும் அன்றைக்கு ஒரே பையில் இருந்தது. தோஸ்துகளைக் காட்டிக்கொடுக்கக் கூடாது என்று தேதியை மாற்றிச் சொல்லியிருக்கிறான். அந்த மாற்றிச் சொன்ன தேதி தன் பிள்ளையின் கழுத்தில் கத்தியாக இறங்கப் போகிறது என்பது அவனுக்குத் தெரியவில்லை.

டாக்டர் ஸ்கேன் படத்தை எடுத்து அவன் முன்னால் வைத்தார். அதில் அந்தத் தேதி இருந்தது, அரிசி மாதிரி ஒரு கருவும் இருந்தது. “நீ பிலிம் மாத்திகினு இருக்கசொல்ல இது இவ வயித்துல நெஞ்சு அடிச்சுகினு இருந்துச்சு. கப்பலு கெளம்பி கடல்ல போயாச்சு. அப்பால ஹார்பர்ல இன்னா இடிஞ்சு விழுந்தா அதுக்கு இன்னா?”

“அப்ப கொழந்தைக்கு ஒண்ணும் ஆவாதுன்னு கியாரண்டி தர்றீங்களா மேடம்?”

“எந்தக் கொழந்தைக்கும் கியாரண்டி யாராலயும் தர முடியாது. நான் ரெண்டு பெத்தேன், எனக்கே எவனும் தரல. ஆனா உன் மேல பட்ட கதிரால இதுக்கு ஒண்ணும் வராது. அதுக்கு நான் பொறுப்பு. எழுதிக் கையெழுத்துப் போடறேன்.” அடுத்த பிள்ளைக்கு மட்டும் அவசரப்படாமல் இடைவெளி விடச் சொன்னார், புது விந்தணுக்கள் உருவாகிவரச் சில மாதங்கள் ஆகும் என்று காரணத்தோடு.

பிறகு அவனை மைக்ராஸ்கோப்புக்கு முன்னால் உட்கார வைத்தார். தன் செல்லைத் தான் பார்க்காமல் எந்த நோயாளியையும் அவர் அனுப்பியதில்லை. இரண்டு இடுப்போடு நின்ற அந்தக் குரோமோசோமை அவன் ரொம்ப நேரம் பார்த்தான். “வெல்டிங் சரியில்ல மேடம்” என்றான். பவானி பக்கென்று சிரித்துவிட்டாள். அவள் சிரித்ததும் சேகர் சிரித்தான். எண்ணிய நாட்களில் வாயைக் கட்டியிருந்ததற்கும் சேர்த்துச் சிரித்தான்.

நடந்ததை அவனே போய்க் கம்பெனியில் சொல்லிவிட வேண்டும் என்று டாக்டர் சொன்னார், கூட நின்றவர்கள் ரத்தத்தையும் பார்த்தாக வேண்டுமே. சொன்னான். அவர்களும் வந்து ரத்தம் கொடுத்தார்கள். அவர்களிடம் ஒன்றும் இல்லை. இவனைக் கதிர் வேலையிலிருந்து எடுத்து, இருட்டறையில் பிலிம் கழுவ விட்டார்கள். தோஸ்துகள் சில மாதம் இவனோடு பேசவில்லையாம்.

குழந்தை பிறந்தது. பெண். பிறந்த செய்தியைப் பவானி டாக்டரிடம் போனில் சொன்னாள். கை கால் எல்லாம் எண்ணிப் பார்த்துவிட்டேன் மேடம் என்றாளாம். சில மாதம் கழித்து ஒரு காலையில் மூன்று பேரும் லேபுக்கு வந்தார்கள். குழந்தை கொழுகொழுவென்று இருந்தது, கன்னத்தில் பெரிய மைப்பொட்டு. பவானி உள்ளே வந்து உட்கார்ந்தாள். கௌதமன் கதவோரமாகவே நின்றான்.

“பாருங்க மேடம் இந்தாள. பொறந்ததுலர்ந்து இன்னும் கொழந்தைய தூக்கல. எட்ட நின்னு பாப்பான், சிரிப்பான், அப்டியே போயிடுவான். என்னான்னு கேட்டா, எம்மேல பட்டது அதுமேல ஏறிடும்ன்றான். பேஜாரா கீது மேடம்.”

“ஒரு தபா அதுக்கும் ரத்தம் எடுத்துப் பாத்துடுங்க மேடம்” என்றான் அவன். “நல்லாகீதுன்னு நீங்க சொல்லிட்டா தூக்கறேன்.”

டாக்டர் அவனை உற்றுப் பார்த்தார். “மீட்டர் வெச்சு உன்னையே பாத்திருப்பியே?”

“எத்தினியோ தபா.”

“முள்ளு ஆடிச்சா?”

“ஆடல மேடம்.”

“அப்பால இன்னா?”

“பயமாகீது” என்றான். பெரிய ஆள், தோள் அகலம் கதவளவு. கண் கலங்கிவிட்டது. எனக்கும்தான்.

டாக்டர் என்னைப் பார்த்து, “வசந்தா, டியூப் எடு” என்றார். எனக்குத் திக்கென்றது. தேவையில்லாமல் ஒரு சொட்டு ரத்தம் எடுக்க விடாதவர், பச்சைக் குழந்தையைக் குத்தச் சொல்கிறாரே. ஆனாலும் டியூபையும் சின்ன ஊசியையும் எடுத்து வைத்தேன்.

“நைனா, கைய சோப்புப் போட்டுக் கழுவிகினு வா. ரத்தம் எடுக்கசொல்ல கொழந்தைய அப்பன்தான் கெட்டியாப் புடிச்சிக்கணும். அம்மா புடிச்சா அழும். இங்க அதான் வழக்கம்.”

அப்படி ஒரு வழக்கம் எங்கள் லேபில் எந்தக் காலத்திலும் இருந்ததில்லை. அவர் சொல்லி நான் கேட்ட ஒரே பொய் அது. நான் டியூபின் மூடியைத் துடைத்துக்கொண்டு நின்றேன்.

அவன் முழங்கை வரை கழுவினான். துடைத்தான். திரும்பவும் கழுவினான். வந்து நாற்காலியில் உட்கார்ந்து இரண்டு கையையும் நீட்டினான். பவானி குழந்தையை அதில் வைத்தாள். முதலில் கண்ணாடிச் சாமானைப் பிடிப்பது போல உடம்பில் படாமல் தூக்கிப் பிடித்திருந்தான். குழந்தை அவன் முகத்தைப் பார்த்தது, பிறகு அவன் சட்டைக் காலரைப் பிடித்து இழுத்து வாயில் வைத்துக்கொண்டது. மெல்ல மெல்ல அவன் கை மடங்கியது. கொஞ்ச நேரத்தில் அது அவன் நெஞ்சோடு கிடந்தது.

டாக்டர் வேறு ஏதோ காகிதத்தில் குனிந்து எழுதிக்கொண்டே இருந்தார். பவானி புடவைத் தலைப்பால் மூக்கைத் துடைத்தாள்.

“மேடம்... ஊசி?” என்றான் கௌதமன்.

டாக்டர் நிமிரவில்லை. “இன்னாத்துக்கு?” என்றார்.

அவனுக்குப் புரியக் கொஞ்ச நேரம் ஆனது. புரிந்ததும் குழந்தையின் தலைமேல் முகத்தை வைத்துக்கொண்டு அழுதான். பால் கொடுக்க வேண்டும் என்று பவானி கை நீட்டியபோது, “இரு” என்றான். பஸ் ஸ்டாப் வரைக்கும் அவன்தான் தூக்கிக்கொண்டு போனான், ஜன்னலிலிருந்து பார்த்தோம்.

நான் அந்தக் காலி டியூபை எடுத்துப் பெட்டியில் திரும்ப வைத்தேன். நிவேதா கேட்டாளே, மறக்க முடியாத ஸ்லைடு எது என்று. அந்தக் குழந்தையினுடையதுதான். அதை நாங்கள் போடவே இல்லை.